நாலு மணிக் கப்பல்

மிசாவோ: ...அதுக்காக நான் பின்னாடி போய் உக்காரணுமா? என் மூஞ்சிய நானே பார்க்க வந்திருக்கேங்க. முதல் வரிசைதான்.

தொகுஜி: கழுத்து பிடிச்சுக்கும்னு சொன்னேன். சாயங்காலம் ஆறு மணிக்கு இன்னொரு தடவை பார்க்கணும். ஊரே வரப்போகுது...

மிசாவோ: பிடிச்சா நீவி விடுங்க. புருஷன்னு ஒருத்தர் எதுக்கு இருக்கீங்க?

தொகுஜி: ஒத்திகைக்கு வராதேன்னு காலையிலயே சொன்னேன்.

மிசாவோ: சொன்னீங்க. அதனாலதான் வந்தேன்.

கான்பேய்: அண்ணே, மேல எல்லாம் தயார். அட, அண்ணியும் வந்தாச்சா. மெஷின் ரூம் ஜன்னல்லேர்ந்து பார்த்தா உங்க தொப்பி மட்டும்தான் தெரியுது.

மிசாவோ: நீங்க இன்னும் அந்த ஜன்னலை விடலையா, கான்பேய்?

கான்பேய்: நான் எங்க விட்டேன்... யுத்தத்துல குண்டு விழுந்து கொட்டகைதான் என்னை விட்டுட்டுப் போச்சு. திரும்பக் கட்டினாங்க, நானும் திரும்ப ஏறிட்டேன். யோகொஹாமாவுல இதை விட்டா எனக்கு வேற வழி தெரியாது.

தொகுஜி: பேச்சு போதும். போடுடா.

கான்பேய்: போட்டுட்டேன்ணே.

மிசாவோ: ஐயோ... பேர் வருது பாருங்க. ‘மூன்றாம் துறையின் மனிதன்.’ எழுத்தெல்லாம் மழை பெய்யற மாதிரி கோடு கோடா...

தொகுஜி: முப்பது வருஷம் ஒரு சாராயக் கிடங்குல பீப்பாய்க்குப் பின்னாடி கிடந்த படம். கோடு இருக்கத்தான் செய்யும். உனக்கும் எனக்கும் மட்டும் இல்லையா?

மிசாவோ: உங்களுக்கு இருக்கு.

தொகுஜி: சரி, வாயை மூடு. நான் ஆரம்பிக்கணும். ம்... “யோகொஹாமா. கப்பல்கள் வரும், கப்பல்கள் போகும். கரையிலே நிற்பவனுக்கு மட்டும் போக்கிடம் இல்லை. அதோ, தொப்பியைப் புருவம் வரை இழுத்துவிட்டு வருகிறானே, அவன்தான் ஜோ. நேற்றுவரை குத்துச்சண்டை வீரன். இன்றோ, கருங்கொக்குக் கூட்டத்தின் வலக்கை.”

மிசாவோ: தொண்டை கட்டியிருக்கே.

தொகுஜி: கட்டலை. ஜோவோட குரலே அப்படித்தான்.

மிசாவோ: இது இன்னும் ஜோவோட குரல் இல்லையே, உங்க குரல்தானே.

தொகுஜி: பேசாத படத்துக்குப் பக்கத்துல நின்னு பேசற பென்ஷி நான். எல்லாக் குரலும் என் குரல்தான். கெழவனும் நான், போலீஸும் நான், நாயும் நான்.

மிசாவோ: நானும் நீங்க.

தொகுஜி: ...ஆமா. நீயும் நான்.

மிசாவோ: அதோ, ஜோவா நடிச்சவரு கிட்ட வந்துட்டாரு. செய்ஜிரோ... என்னங்க இது, இவ்வளவு சின்னப் பையனாவா இருந்தாரு?

தொகுஜி: இருபத்தாறு.

மிசாவோ: அவர் வயசு உங்களுக்கு எப்படித் தெரியும்?

தொகுஜி: விளம்பரத் தாள்ல போட்டிருந்தாங்க.

மிசாவோ: முப்பது வருஷமா ஞாபகம் வச்சிருக்கீங்க. என் வயசைக் கேட்டா மட்டும் முழிப்பீங்க... பாருங்க, இடது பக்கமே திரும்பி நிக்கிறாரு. வலது பக்கம் மூக்கு கோணல்னு அவருக்கு ஒரு நினைப்பு. என்கூட சாப்பிட உக்காந்தாக்கூட இடது பக்கத்தைத்தான் எனக்குக் காட்டுவாரு. எதிர்ல உக்காந்து சாப்பிடற மனுஷனைப் பக்கவாட்டுல பார்த்துப் பார்த்து எனக்குத்தான் கழுத்து கோணிப் போச்சு.

தொகுஜி: நிறைய தடவை சாப்பிட்டீங்களோ?

மிசாவோ: ஒரே ஸ்டூடியோல வேலை செஞ்சா சாப்பிட மாட்டாங்களா? அறுபது வயசுல என்ன கேள்வி இது...

தொகுஜி: சும்மா கேட்டேன். அதோ, ஆபீஸ் வருது. டைப் அடிக்கிற பொண்ணுங்க. மூணாவது நீ.

மிசாவோ: ம்... அது நான்தானா?

தொகுஜி: நீதான். எனக்குத் தெரியாதா?

மிசாவோ: என்ன ஒரு கழுத்துங்க. தொப்பி அழகா இருக்கு. கையில கடிகாரம் பாருங்க, வேணும்னே முன்னாடி நீட்டுறேன். நவநாகரிகப் பொண்ணுன்னா கடிகாரம் கட்டணும்னு டைரக்டர் வாங்கிக் குடுத்தாரு. படம் முடிஞ்சதும் நீயே வச்சுக்கோன்னுட்டாரு.

தொகுஜி: டைப் அடிக்கத் தெரியுமா உனக்கு அப்ப?

மிசாவோ: விரலை ஆட்டத் தெரியும். என்ன அடிச்சேன் தெரியுமா அந்தத் தாள்ல? வெறும் காற்புள்ளி. பக்கம் பூரா காற்புள்ளி.

தொகுஜி: “ஜோ என்றார்களே, அந்த ரவுடியா இவர்? இந்தக் கண்களுக்குள் இத்தனை தனிமையா...”

மிசாவோ: என் குரல் அப்படியா இருக்கு? பால் கேக்கற பூனை மாதிரி.

தொகுஜி: பொண்ணு குரல்னா அப்படித்தான் எடுக்கணும்.

மிசாவோ: அந்த இடத்துல நான் நிஜமா என்ன சொன்னேன்னு தெரியுமா? “ஜன்னலைச் சாத்துங்க, தாள் பறக்குது.”

தொகுஜி: தெரியும்.

மிசாவோ: தெரியுமா?

தொகுஜி: உதட்டைப் பார்த்தா தெரியாதா? அதானே என் பொழப்பு. உதடு மூடற நேரத்துல நான் பேசிக்கிட்டு இருந்தா கொட்டகையே சிரிக்கும். அதனால உதட்டைப் பார்த்துப் பார்த்து... படிக்க வந்துடுச்சு.

மிசாவோ: எல்லாரும் அப்படித்தான் கண்டதையும் பேசுவோம். வாய் அசைஞ்சா போதும், என்ன வேணா பேசிக்கோங்கன்னுடுவாரு டைரக்டர். இந்தக் கூட்டத் தலைவனா நடிச்ச ஒனிகாவா மடியில ஒரு வெள்ளைப் பூனை வச்சுக்கிட்டு மிரட்டுவாரே, அவருக்குப் பூனைன்னா பயம். “அவனைக் கொன்னுடு”ன்னு சொல்ற இடத்துல, “யாராவது இதைத் தூக்குங்கய்யா, நகத்தைப் போடுது”ன்னு கெஞ்சுவாரு. நாங்க பல்லைக் கடிச்சுக்கிட்டு நிப்போம்.

தொகுஜி: அதுவும் தெரியும். பில்லியர்ட்ஸ் கூடத்துல செத்து விழறானே ஒருத்தன், அவன் கடைசியா சொல்றது, “கால் மரத்துப் போச்சு.”

மிசாவோ: அடப்பாவி மனுஷா. எல்லாத்தையும் படிச்சுட்டு மேல வேற பேச்சு பேசியிருக்கீங்க.

தொகுஜி: பேசாம? “கால் மரத்துப் போச்சு”ன்னு சொன்னா ஜனங்க அழுவாங்களா?

மிசாவோ: அழுதாங்களே... ஒரு இடத்துல. அதோ, அந்தக் காட்சிதான் வருது. பாலம்.

தொகுஜி: ...ம்.

மிசாவோ: என் அண்ணன் அந்தக் கூட்டத்துல சேர்ந்துட்டான்னு தெரிஞ்சு, பாலத்துல நின்னு அழறேன். ஊர் ஊரா இந்தப் படம் போச்சு. நான் கவாசாகியில இருக்கற அத்தைகிட்டக் கேட்டேன், ஃபுஜிசாவாவுல இருந்த தோழிகிட்டக் கேட்டேன். எல்லா ஊர் பென்ஷியும் படத்துக்கு நடுவுல வர்ற அட்டையில எழுதியிருந்ததைத்தான் சொல்லியிருக்காங்க. “அண்ணா, ஏன் இப்படிச் செய்தாய்?” நீங்க ஒருத்தர்தான்...

தொகுஜி: “செருப்பு கடிக்குது அண்ணா. இந்தச் செருப்போடவே உன்னைத் தேடி ஊர் பூரா நடந்தேன்.”

மிசாவோ: ...அதேதான். ஒரு எழுத்து மாறலை.

தொகுஜி: நீ சொன்னது முதல் பாதிதான். “செருப்பு கடிக்குது.” மிச்சத்தை நான் சேர்த்தேன்.

மிசாவோ: ஒரு நம்பர் சின்ன செருப்புங்க அது. காலையிலேர்ந்து கடி. அழுகைக் காட்சிக்கு வெங்காயமே வேண்டியிருக்கலை. அங்க இருந்த ஒருத்தருக்கும் தெரியாது. செய்ஜிரோ பக்கத்துலயே நின்னுக்கிட்டு இருந்தாரு, அவருக்கும் தெரியாது. முன்னப்பின்ன பார்க்காத ஒரு மனுஷன், வேட்டைக்காரன் மாதிரி இருட்டுல நின்னுக்கிட்டு, அதை எடுத்து நானூறு பேர் நடுவுல சொல்றாரு. முதல்ல ஒருத்தன் சிரிச்சான். அப்புறம் இந்தக் கொட்டகையில மூக்கு உறிஞ்சற சத்தம்தான்.

தொகுஜி: உனக்கு... இந்தப் பக்கம்தான் இடம் கிடைச்சுது அன்னிக்கு.

மிசாவோ: இதே வரிசை. உங்க மேஜைக்கு எதிர்த்தாப்புல. முதல் நாள், சனிக்கிழமை, ரெண்டேகால் மணி ஆட்டம்.

கான்பேய்: ரீல் மாத்தறேன்ணே. ரெண்டு நிமிஷம். விளக்கைப் போடறேன்.

தொகுஜி: சீக்கிரம் மாத்து.

மிசாவோ: கான்பேய், ஒண்ணு கேக்கணும். பாதிப் படம் அதுக்குள்ள முடிஞ்சு போச்சே? அன்னிக்கு ரொம்ப நேரம் ஓடின மாதிரி எனக்கு ஞாபகம்.

தொகுஜி: இப்ப மோட்டார். மோட்டார்ல வேகமாத்தான் ஓடும். அவனைத் தொந்தரவு பண்ணாதே, பிலிம் கைநழுவிடும்...

கான்பேய்: நழுவாது அண்ணே. ஆமா அண்ணி, அப்ப நான் கையால சுத்தணும். அண்ணன் மேஜைக்கு அடியில ஒரு பொத்தான் இருக்கும். அமுக்கினா என் ரூம்ல மணி அடிக்கும். ரெண்டு மணின்னா வேகமா சுத்தணும், சண்டைக்கு. ஒத்த மணின்னா மெதுவா சுத்தணும், அழுகைக்கு.

மிசாவோ: அப்படியா? இத்தனை வருஷத்துல இதை எனக்குச் சொன்னதே இல்லையே இவரு.

கான்பேய்: ஆனா நீங்க சொல்றீங்களே, அந்த முதல் நாள் சனிக்கிழமை... அதை என் கை இன்னும் மறக்கலை. அழுகைக்கும் ஒத்த மணி. சிரிப்புக்கும் ஒத்த மணி. பில்லியர்ட்ஸ் கூடத்துச் சண்டை வருது, ரெண்டு மணி வரும்னு பார்க்கறேன், வருது ஒத்த மணி. ஜோ கையை ஓங்கினா அது எதிராளி மூஞ்சிக்குப் போய்ச் சேரறதுக்குள்ள நான் ஒரு சிகரெட்டே பிடிச்சிருக்கலாம். எனக்கு உயிர் கையில இல்லை. அந்தக் காலத்துப் பிலிம் விளக்குகிட்ட நின்னு நின்னு போனா குப்புனு பத்திக்கும். கொட்டகையே போயிருக்கும்.

தொகுஜி: கான்பேய்...

கான்பேய்: அப்புறம் போய்க் கேட்டா, “கலைடா, உனக்குப் புரியாது”ன்னாரு. எனக்கு இன்னிக்கு வரைக்கும் புரியலை. ரீல் மாட்டியாச்சு, விளக்கை அணைக்கறேன்.

மிசாவோ: ம்... கலை.

தொகுஜி: படத்தைப் பாரு.

மிசாவோ: பார்த்துக்கிட்டுத்தான் இருக்கேன். நீங்கதான் பேசக் காணோம். துப்பாக்கி எடுத்தாச்சு, “டுமீல்” எங்க? விசிறியால மேஜையில அடிப்பீங்களே.

தொகுஜி: ...டுமீல்.

மிசாவோ: பட்டாசு நமுத்துப் போச்சா? அந்தத் துப்பாக்கி மரம், தெரியுமா? மை பூசியிருந்தாங்க. வெயில்ல மை இளகி செய்ஜிரோ உள்ளங்கை பூரா கறுப்பு. அதோட என் கன்னத்தைத் தடவிட்டாரு, எனக்கு மீசை வந்துடுச்சு.

தொகுஜி: நீ அவனைப் பத்திப் பேசும்போது குரல் மாறுது.

மிசாவோ: மாறாதா? செத்துப்போன மனுஷன். ஷாங்காய் போய் ரெண்டாம் வருஷமே காய்ச்சல்ல... பெத்தவங்க முகத்தைக்கூடப் பார்க்காம. இப்ப என் கண்ணு முன்னாடி இருபத்தாறு வயசுல மீசையை முறுக்கிக்கிட்டு நடக்கிறாரு. என் குரல் மாறத்தான் செய்யும். மாறலைன்னா என்னை ஏன்னு கேளுங்க.

தொகுஜி: கேக்கலை... மிசாவோ, கடைசிக் காட்சிக்கு நான் இன்னும் வசனம் எழுதலை.

மிசாவோ: ஏன்? முன்னாடி சொன்னதையே சொல்லுங்க. “என்னை மறந்துவிடு”ன்னு ஜோ சொல்லுவான். “மறக்க மாட்டேன், ஆனால் உங்களோடு வர மாட்டேன்”னு நான் தலையாட்டுவேன். ஜனங்க அழுவாங்க. போலீஸ் கூட்டிக்கிட்டுப் போகும்.

தொகுஜி: அது பொய்.

மிசாவோ: சினிமாங்க. எல்லாமே பொய்தான்.

தொகுஜி: இந்த ஒரு தடவை நிஜத்தைச் சொல்லணும்னு நினைக்கிறேன். எனக்கு அறுபது ஆச்சு. இந்தப் படத்துக்கு இனிமே ஒரு தடவை பேசுவேனோ மாட்டேனோ. அதனால ஒண்ணு கேக்கணும்... அதுக்குத்தான் உன்னை ஒத்திகைக்கு வர வேண்டாம்னேன். வந்தா கேட்டுடுவேன்னு பயம்.

மிசாவோ: கேளுங்க.

தொகுஜி: இரு, வரட்டும்... இதோ. மூணாம் துறை. கப்பல் நிக்குது. போலீஸ்காரர் தள்ளி நிக்கிறாரு. ஜோ உன் ரெண்டு தோளையும் பிடிக்கிறான். நீ நமக்கு முதுகைக் காட்டி நிக்கிற. இப்ப பாரு அவன் உதட்டை. “படம் முடிஞ்சதும் நான் ஷாங்காய் போறேன். விளையாட்டு இல்லை, நிஜமா கேக்கறேன். நீயும் வந்துடு.” ஆட்டத்துக்கு முந்தின நாள் எனக்கு மட்டும் தனியா போட்டுக் காட்டினாங்களே, அப்பவே படிச்சுட்டேன்.

மிசாவோ: ...அன்னிலேர்ந்தா?

தொகுஜி: அன்னிலேர்ந்து.

மிசாவோ: முப்பது வருஷம். ஒரு வார்த்தை மூச்சு விடலை நீங்க.

தொகுஜி: அவன் சொன்னது தெரியும். நீ சொன்னது தெரியாது. எல்லா உதட்டையும் படிச்சேன், இந்த ஒரு இடத்துல நீ முதுகைக் காட்டிட்ட. தலையை இந்தப் பக்கம் அந்தப் பக்கம்னு ஆட்டற. மூணு தடவை. வாய் பேசுதா, மூடியிருக்கா, ஒண்ணும் தெரியலை. ராத்திரி பக்கத்துல படுத்திருப்ப, அந்த முதுகைப் பார்ப்பேன். என்ன சொல்லியிருப்பன்னு...

மிசாவோ: தலையை ஆட்டச் சொன்னது டைரக்டர்.

தொகுஜி: அது தெரியும்.

மிசாவோ: மூணு தடவை ஆட்டணும்னு காலையிலயே சொல்லி வச்சிருந்தாரு. கேமரா ஓடுது. பிலிம் தட்டுப்பாடு, ரெண்டாவது தடவை எடுக்க மாட்டேன்னு கத்தியிருந்தாரு. அந்த நேரம் பார்த்து இவர் இப்படிக் கேக்கறாரு. நான் என்ன பண்ணுவேன்? தலை பாட்டுக்கு இல்லை இல்லைன்னு ஆடுது...

தொகுஜி: வாய்?

மிசாவோ: இப்ப அவர் முகத்தைப் பாருங்க. என்ன பண்றாரு?

தொகுஜி: சிரிக்கிறான்.

மிசாவோ: வர மாட்டேன்னு ஒரு பொண்ணு தலையாட்டினா எவனாவது இப்படிச் சிரிப்பானா?

தொகுஜி: பத்திரிகையில எழுதினாங்க. “தோல்வியிலும் புன்னகைத்த நடிப்பு”ன்னு. வெட்டி வச்சிருந்தேன். எனக்கு அப்பவே சந்தேகம்... நடிப்பு இல்லை அது.

மிசாவோ: நடிப்பா? அவருக்கு நடிக்கவே வராதுங்க. பாவம். “வர்றேன்”னு சொன்னேன். தலை ஆடிக்கிட்டே இருந்துச்சு, வாயால “வர்றேன்”னு சொன்னேன்.

தொகுஜி: தெரியும்னுதான் நினைச்சேன். இருந்தாலும் காதால கேக்கும்போது... சரி. சாயங்காலம் அப்படியே சொல்லிடறேன். “வர்றேன்”னு.

கான்பேய்: அண்ணே, படம் முடிஞ்சுது. நான் கீழ கடையில போய் ஒரு கிண்ணம் நூடுல்ஸ் சாப்பிட்டு வந்துடறேன். உங்களுக்கும் சொல்லவா அண்ணி?

மிசாவோ: நீங்க போய் நிதானமா சாப்பிட்டு வாங்க. அவசரம் இல்லை.

கான்பேய்: ஒத்த மணியா? சரிண்ணி.

மிசாவோ: ...உக்காருங்க. ஏன் நின்னுக்கிட்டே இருக்கீங்க?

தொகுஜி: நான் சொல்றதை நின்னுக்கிட்டே சொல்லிடறேன். உக்காந்தா சொல்ல மாட்டேன். அந்த சனிக்கிழமை நாலு மணிக்கு ஷாங்காய் கப்பல்.

மிசாவோ: ஆமா.

தொகுஜி: அந்தக் கப்பல்லதான் அவன் போனான்.

மிசாவோ: ஆமா.

தொகுஜி: நீ இதே இடத்துல உக்காந்திருந்த. மடியில ஒரு தோல் பெட்டி. சினிமா பார்க்க வர்றவங்க பெட்டியோட வர மாட்டாங்க. திரையில பார்த்த அதே முகம், அதே தொப்பி. முந்தின நாள்தான் அவன் உதட்டைப் படிச்சிருந்தேன். ரெண்டும் ரெண்டும் நாலுன்னு உடனே தெரிஞ்சு போச்சு. போறதுக்கு முன்னாடி உன்னை நீயே ஒரு தடவை பார்த்துட்டுப் போக வந்திருக்க. மூணு இருபத்தஞ்சுக்குப் படம் முடியும்னு வாசல்ல எழுதிப் போட்டிருந்தோம். முடிஞ்சதும் ஒரு ரிக்‌ஷா பிடிச்சா கப்பலைப் பிடிச்சுடலாம்.

மிசாவோ: அப்படித்தான் நினைச்சு வந்தேன்.

தொகுஜி: செருப்புக் காட்சி வரைக்கும் நான் ஒழுங்காத்தான் இருந்தேன். சத்தியமா. அதுல நீ சிரிச்ச. எல்லாரும் அழறாங்க, நீ வாயைப் பொத்திக்கிட்டு சிரிச்ச. அப்புறம் என்னைத் திரும்பிப் பார்த்த. திரையை இல்லை, என்னை. பென்ஷி வேலைக்கு வந்து ஏழு வருஷத்துல ஒருத்தர் திரையை விட்டுட்டு என்னைப் பார்த்தது அதுதான் முதல் தடவை. என் கை தானா மேஜைக்கு அடியில போச்சு.

மிசாவோ: ஒத்த மணி.

தொகுஜி: ஒத்த மணி. ஒவ்வொரு நிமிஷத்துக்கும் ஒத்த மணி. கான்பேய் திட்டினது எனக்குக் கீழ வரைக்கும் கேட்டுச்சு. படம் நகரவே இல்லை. அந்த நேரத்தையெல்லாம் ரொப்பறதுக்கு நான் என்னென்னவோ பேசினேன். ஜோவோட சின்ன வயசுன்னு ஒரு கதை கட்டினேன், அவன் வளர்த்த நாயைச் சாகடிச்சேன்...

மிசாவோ: அந்த நாய்க்கு நான் அழுதேங்க.

தொகுஜி: நாயே கிடையாது படத்துல. கடைசிக் காட்சி வந்தப்ப, வெளியில நிஜக் கப்பல் ஊதுச்சு. துறைமுகத்துலேர்ந்து. திரையில கப்பல், காதுல ஊதல். ஜனங்க நான்தான் ஏதோ ஏற்பாடு பண்ணியிருக்கேன்னு கை தட்டினாங்க. எழுந்திரிச்சு நின்னு தட்டினாங்க. என் வாழ்க்கையில அவ்வளவு கைத்தட்டல் வாங்கினதில்லை. எல்லாரும் போனாங்க. நீ பெட்டியை வச்சுக்கிட்டு அப்படியே உக்காந்திருந்த. கண்ணு கலங்கியிருந்துச்சு.

மிசாவோ: அப்புறம் நீங்க மேடையிலேர்ந்து இறங்கி வந்து, கால்ல ஒட்டறதுக்குப் பிளாஸ்திரி வேணுமான்னு கேட்டீங்க.

தொகுஜி: வேற என்ன கேக்கறதுன்னு தெரியலை.

மிசாவோ: சீனக்காரத் தெருவுக்குக் கூட்டிக்கிட்டுப் போய் ஆவி பறக்கற பன்றிக்கறி பன் வாங்கிக் குடுத்தீங்க. நான் நாலு தின்னேன். நீங்க ஒண்ணுகூடத் தொடலை.

தொகுஜி: இறங்குமா தொண்டையில? ஒரு பொண்ணோட கப்பலைத் திருடிட்டு எதிர்ல உக்காந்திருக்கேன். அவன் கப்பல் கம்பியைப் பிடிச்சுக்கிட்டு கரையையே பார்த்துக்கிட்டு நின்னிருப்பான். வழியனுப்பறவங்க கரையிலேர்ந்து பிடிச்சிருக்கற காகித நாடா எல்லாம் அறுந்து தண்ணியில விழற வரைக்கும் நின்னிருப்பான். ரெண்டு வருஷத்துல செத்தும் போயிட்டான். செத்தவங்களைக் கும்பிடற ஒவ்வொரு ஓபோனுக்கும் அவன் பேருக்கு நீ ஒரு விளக்கு ஏத்தற. அதை ஆத்தங்கரை வரைக்கும் நான்தான் தூக்கிக்கிட்டு வர்றேன். ஒவ்வொரு வருஷமும் இந்த வருஷம் சொல்லிடணும், இந்த வருஷம் சொல்லிடணும்னு... வாய் வராது. ஊருக்கே குரல் குடுத்தவனுக்கு இதுக்கு மட்டும் குரல் இல்லை.

மிசாவோ: கண்ணைத் துடைங்க. சாயங்காலம் மேடை ஏறணும், மூக்கு சிவந்து நிக்கும்.

தொகுஜி: திட்டு, மிசாவோ. இவ்வளவு நேரம் சும்மா கேட்டுக்கிட்டு இருக்கியே. நியாயமா அந்த நாலு மணியோட உன் வாழ்க்கை வேற மாதிரி போயிருக்கணும். நான் நடுவுல புகுந்து... கொட்டகை இருட்டு. மணி தெரியாது. படம் சொன்ன நேரத்துக்கு முடியும்னு நம்பித்தானே நீ உக்காந்திருந்த? அந்த நம்பிக்கையைத்தானே நான்...

மிசாவோ: ஏங்க.

தொகுஜி: ம்.

மிசாவோ: நான் நடிச்ச படம். என் நடை என்ன வேகம்னு எனக்குத் தெரியாதா? அந்தப் படத்துல நான் சேத்துல நடக்கற எருமை மாதிரி நடந்துக்கிட்டு இருந்தேன்.

தொகுஜி: அப்ப...

மிசாவோ: முதல் வரிசை. திரை வெளிச்சம் பூரா என் மேல. மடியில இருந்த பெட்டியை அவ்வளவு நல்லா பார்த்தீங்களே... கையில இருந்த கடிகாரத்தைப் பார்க்கலையா?